கோட்டைக் கல்லறையில் பெண் பார்த்தது

சந்நிதி முருகன் துணை

ஏழாலை,
யுவ வருஷம், ஆவணி மாதம்.

கடல் கடந்து சிரம்பானில் இருக்கும் அருமை மகன் பரமலிங்கத்துக்கு அம்மா சொல்லி எழுதுவிக்கும் கடிதம். சந்நிதியான் புண்ணியத்தில் இங்கே எல்லாரும் உயிரோடும் ஓரளவு உடம்போடும் இருக்கிறோம், நீயும் அங்கே காய்ச்சல் தலையிடி இல்லாமல் இருக்க வேண்டும் என்று வெள்ளி தவறாமல் விளக்கு வைக்கிறேன். என் கண்ணில் பூ முற்றிவிட்டது, ஆளைத் தெரிகிறது, எழுத்துத் தெரியவில்லை, ஆகையால் நான் சொல்லச் சொல்ல இதை எழுதுகிறவள் உன் தங்கை பாலேஸ்வரிதான். கையெழுத்திலேயே கண்டுபிடித்திருப்பாய். எழுதப்போவதும் அவளைப் பற்றித்தான். வேறு யாரிடம் போய் இந்தக் கேவலத்தைச் சொல்லி எழுதுவிப்பது, நாளைக்கே ஊர் முழுக்கத் தெரிந்துவிடும். உன் ஐயா எழுதலாம்தான், ஆனால் அவர் ஒரு பக்கம் எழுதி முடிக்குமுன் உனக்கு லீவு கிடைத்து நீயே வந்துவிடுவாய்.

முதலில் வீட்டுச் சங்கதி. ஐயாவின் இருமல் மழை தொடங்கும்வரை இப்படித்தான் இருக்கும் என்று பரியாரியார் சொல்லிவிட்டார். சிவப்பி நாகு கன்று போட்டிருக்கிறது, பாலுக்குக் குறைவில்லை. இந்த முறை வெங்காயம் எல்லாருக்கும் நன்றாய் விளைந்துவிட்டது, அதனால் சுன்னாகம் சந்தையில் ஒருவரும் திரும்பிப் பார்க்கிறார்கள் இல்லை, கடவுள் கொடுத்தாலும் இப்படிக் கோணலாய்த்தான் கொடுப்பார். நீ அனுப்பிய சேலை வந்தது, நிறம் எனக்குப் பிடிக்கவில்லை, ஆனாலும் உடுக்கிறேன்.

இனி விஷயத்துக்கு வருகிறேன். தரகர் கந்தப்பு இவளுக்குக் கொண்டுவந்த கலியாணப் பேச்சுக்காலைப் பற்றிப் போன கடிதத்தில் சொல்லியிருந்தேன். மாப்பிள்ளை பெயர் சிவசுப்பிரமணியம், தெல்லிப்பழை ஆட்கள், கொழும்பில் கவர்மேந்து கிளாக்கர் வேலை. சாதகம் பொருந்திவிட்டது, பெண்ணைக் காட்டுவதுதான் மிச்சம். எங்கள் பக்கத்து வழக்கம் நீ அறியாததல்ல, வீட்டுக்கு வந்து பார்த்துவிட்டு வேண்டாம் என்றால் பெண்ணுக்குப் பெயர் கெட்டுப்போகும், ஆகவே கோயில் வீதியில் தற்செயலாய்க் கண்ட மாதிரி இரண்டு பகுதியும் நின்று, முன்பின் தெரியாத ஆட்கள் போல நடித்துப் பார்த்துக்கொள்வது. பிடித்தால் தரகர் வருவார், பிடிக்காவிட்டால் யாரும் யாரையும் பார்க்கவில்லை. கந்தப்புவும் சந்நிதியில் வைத்துத்தான் பார்க்கலாம் என்றார். நான்தான் வீட்டில் துடக்கு, கோயிலுக்குப் போகக் கூடாது என்று பொய் சொல்லி மறித்தேன். ஏன் மறித்தேன் என்று உனக்குச் சொல்ல வேண்டுமா? சின்ன வயதில் முறிந்து, வைத்தியர் பத்துப் போட்டுக் கட்டியும் ஒரு விரற்கடை குட்டையாய்ப் போன இவளுடைய இடது கால்தான். கோயில் என்றால் செருப்பைக் கழற்ற வேண்டும், வெறுங்காலோடு வீதி சுற்ற வேண்டும், இவள் நாலு எட்டு வைத்தால் குருடனுக்கும் தெரிந்துவிடும். இந்த இடத்தில் பேனையை நிறுத்திக்கொண்டு என்னைப் பார்க்கிறாள். உள்ளதைத்தானே சொல்கிறேன், எழுதடி என்கிறேன்.

அப்போது தெல்லிப்பழைக்காரி, மாப்பிள்ளையின் தாயை நான் இனி அப்படித்தான் சொல்வேன், தரகரிடம் சொல்லியனுப்பினாள். தன் மகனுக்கு யாழ்ப்பாணக் கோட்டைக்குள் இருக்கிற ஒல்லாந்தர் தேவாலயத்தையும் அங்குள்ள கல்லறைகளையும் பார்க்க ஆசையாம். அங்கே காவல் பார்க்கிற சூசைதாசன் என்று ஒருவன் இருக்கிறானாம், கேட்டுக்கொண்டால் ஆட்களைக் கூட்டமாய்ச் சேர்த்துக் கோட்டை முழுக்க நடத்திக்கொண்டு போய் ஒவ்வொன்றாய்ச் சொல்லிக் காட்டுவானாம், அந்தக் கூட்டத்தோடு நீங்களும் வந்து கலந்துகொள்ளுங்கள் என்று. எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. வெள்ளைக்காரன் சப்பாத்தோடு நின்று கும்பிட்ட இடம், செருப்போடு போகலாம், செருப்புக்குள் எதையும் மறைக்கலாம். அவள் ஏன் தேடிப்பிடித்து நடந்து பார்க்கிற ஓர் இடத்தைச் சொன்னாள் என்று என் மூளைக்கு ஓடவில்லை. காலைப் பற்றி யாரோ அவள் காதில் போட்டிருக்கிறார்கள், அவளும் ஒரு கணக்கோடுதான் கூப்பிட்டிருக்கிறாள், நான் என்னைக் கெட்டிக்காரி என்று நினைத்துக்கொண்டு போய் விழுந்தேன்.

பெரியகடையில் அப்துல் காதரின் தோற்கடையில் சொல்லி ஒரு சோடி செருப்புச் செய்வித்தேன், இடது செருப்புக்கு மட்டும் அடித்தோல் அடுக்கு அடுக்காய் வைத்து, பக்கத்தில் தெரியாமல் சுற்றித் தோல் மூடித் தைத்தது. மனிதன் நல்ல வேலைகாரன். ஆனால் செருப்பைத் தரும்போது, நடை நேராய் வரும் அம்மா, பிள்ளைக்குத்தான் இடுப்பு நோகும் எண்டு சொன்னார். நோகிறது வெளியிலை தெரியாதுதானே எண்டேன். பிறகு தினமும் கிணற்றடிக்கும் வாசற் படலைக்கும் இடையில் நடத்திப் பழக்கினேன். குதிக்கால் தோல் உரிந்தது, மஞ்சளும் எண்ணெயும் பூசி மறுபடியும் நடத்தினேன். அழுதாள். அழுதுகொண்டு நடந்தால் நடை கெட்டுப்போகும் என்று ஏசினேன். கடைசியில் ஒரு நடை நடந்தாள் பார், எனக்கே கண்ணூறு கழிக்க வேண்டும் போல இருந்தது.

பேசி வைத்த சனிக்கிழமை நானும் ஐயாவும் இவளும் சுன்னாகத்தில் ரயில் ஏறி, யாழ்ப்பாணத்தில் இறங்கித் திருக்கல் மாட்டுவண்டி பிடித்துக் கோட்டை வாசலுக்குப் போனோம். மாப்பிள்ளையும் தாயும் வந்து நின்றார்கள். எங்கள் இரண்டு பகுதியையும் தவிர, வேறு ஊர்ப் பள்ளிக்கூட உபாத்திமார் சிலரும் கூட்டத்தில் இருந்தார்கள். தெல்லிப்பழைக்காரி என்னைப் பார்த்து, நீங்கள் எவடம் எண்டு தெரியேல்லை எண்டு கேட்டாள். ஏழாலைப் பக்கம், நீங்கள் எவடமோ எண்டு நானும் கேட்டேன். சிரிப்பை அடக்கிக்கொண்டு இரண்டு பேரும் நன்றாய் நடித்தோம். சூசைதாசன் ஒல்லியான மனிதன், பொத்தான் முழுக்கப் போட்ட வெள்ளைக் கோட்டு, கையில் ஒரு பிரம்பு, ஒவ்வொரு இடத்திலும் நின்று பிரம்பால் காட்டிக் காட்டிச் சொன்னான். இதுதான் அகழி, இதிலைதான் பாலம் தூக்கிறது, இந்தச் சுவர் கடலிலை எடுத்த முருகைக்கல்லாலை கட்டினது என்று. யார் அதைக் கேட்டார்கள். மாப்பிள்ளை கண்ணைச் சுவரில் வைத்துக்கொண்டு ஓரத்தால் இவளைப் பார்த்தான், தெல்லிப்பழைக்காரி பச்சையாய்க் காலையே பார்த்தாள். இவள் நேராய் நடந்தாள், மகனே. அந்தக் கல் பதித்த பாதையில், இடுப்பு என்ன பாடு பட்டதோ, முகத்தில் ஒன்றும் காட்டாமல் நடந்தாள். தெல்லிப்பழைக்காரியின் முகம் சுருங்கிப்போயிற்று. நான் மனதுக்குள் பந்தல் போட்டு வாழையும் கட்டிவிட்டேன்.

பிறகு தேவாலய வாசலுக்கு வந்தோம். பெரிய உயரமான கட்டடம், உள்ளே குளிர்ச்சி, வெளிச்சம் குறைவு, எங்கள் கோயில் மூலஸ்தான வாசலில் நிற்கிற மாதிரி ஓர் அடக்கம். என் கை தானாய்க் கூப்பிவிட்டது. சப்பாத்தோடை வரலாம் என்று சூசைதாசன் சொன்னதும் காதில் விழுந்தது. ஆனால் இவள் செருப்புக் காலைத் தூக்கி வாசற்படியில் வைக்கக் கண்டதும் என் வாய் கேட்கவில்லை. எடியே, சாமி இருக்கிற இடமெல்லே, செருப்பைக் கழட்டடி எண்டு சத்தம் போட்டுவிட்டேன். பிறந்த நாள் தொடங்கிக் கோயில் வாசலில் எத்தனை தரம் அப்படிச் சொல்லியிருப்பேன், அந்தப் பழக்கம். சொன்ன பிறகுதான் காலின் நினைப்பு வந்தது. இவள் திரும்பி என்னைப் பார்த்து, மெல்ல, கழட்டவோ அம்மா எண்டு கேட்டாள். நான் வாய் திறக்குமுன் தெல்லிப்பழைக்காரி முந்திவிட்டாள். பெரியவை சொன்னால் கேட்க வேணும் பிள்ளை, கழட்டுங்கோ, நாங்களும் கழட்டிறம் எண்டு தன் செருப்பையும் உதறிவிட்டாள். இவளும் கழற்றிவிட்டாள். மற்ற நேரம் நான் கூப்பிட்டால் ஏன் என்று கேளாதவள், அன்றைக்கு மட்டும் என் சொல்லை மீறக் கூடாது என்று நினைத்தாளாம். செவிடு மாதிரி உள்ளே போயிருந்தால் என்ன? நான் சொன்னது பிழைதான் என்று ஐயா இப்போது பக்கத்தில் இருந்து முணுமுணுக்கிறார். அவர் அன்றைக்கு வாய் திறக்கவில்லை, இன்றைக்குத்தான் திறக்கிறார்.

செருப்பு இரண்டும் வாசலில் கிடந்தது, ஒன்று தடிப்பு, ஒன்று மெலிவு. தெல்லிப்பழைக்காரி கால் பெருவிரலால் தடித்த செருப்பைப் புரட்டி மகனுக்குக் காட்டினாள். அவன் சிரிப்பை அடக்க வாயைப் பொத்திக்கொண்டு தூணுக்கு அங்கால் போனான். அதோடு விட்டிருந்தால் தாங்கியிருப்பேன். தெரிந்துவிட்டது, போகிறோம் என்று போயிருக்கலாமே. போகவில்லை. உள்ளே நிலம் முழுக்கக் கல்லறைக் கல், செத்தவர்களைக் கீழே வைத்து மேலே நடக்கிற மாதிரிப் பதித்திருக்கிறார்கள், நாங்கள் என்றால் சுடலையில் காடாத்தின பிறகு தலை முழுகித் தோயாமல் படலைக்குள் வர மாட்டோம். சூசைதாசன் முன்னுக்குக் கிடந்த பெரிய கல்லைக் காட்டி, இது ஆரோ தளபதியின்ரை பெண்சாதி, சின்ன வயதிலை செத்தவ என்று சொல்லிவிட்டு வெளியே போகத் திரும்பினான். தெல்லிப்பழைக்காரி விடவில்லை. மற்றக் கல்லுகளையும் காட்டுங்கோ, ஒண்டும் விடாமல் பாப்பம், எல்லாரும் வாங்கோ, பிள்ளை நீரும் வாரும் எண்டாள். இந்த மூலைக்கு ஒரு கல், அந்த மூலைக்கு ஒரு கல், இவள் கெந்திக் கெந்திப் பின்னால் போனாள். தெரியாத ஆட்கள் என்று நடித்துக்கொண்டு வந்த நான் எந்த வாயால் மறிப்பது? தெல்லிப்பழைக்காரி ஓர் உபாத்திச்சியிடம், உப்பிடிக் காலோடை உந்தப் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு திரியினமே, பெத்தவைக்கு இரக்கமில்லையோ எண்டு கேட்டாள். கல் கட்டடம், மெல்லச் சொன்னாலும் நாலு பக்கமும் கேட்கிறது.

சூசைதாசன் விளங்கிக்கொண்டான் போல. தங்கச்சி இருக்கட்டும், நான் கதிரை ஒண்டு எடுத்து வாறன், கொத்தளத்துக்கு மற்றவை மட்டும் போகலாம் என்றான். அவளுக்கு ஒண்டுமில்லை, அவள் நடப்பாள் என்று நான்தான் வேண்டாம் என்றேன். ஏன் சொன்னேன் என்று கேட்காதே. இன்னும் ஏதோ மிச்சம் இருக்கிறது, முழுக்கக் கைவிட்டுப் போகவில்லை என்று ஓர் ஆசை. அப்படியே மற்றப் பக்கத்து வாசலால் வெளியே கூட்டிக்கொண்டு போய்க் கொத்தளத்துப் படி ஏற்றினார்கள். வெயில் நேரம், முருகைக்கல் சுட்டது, செருப்பு அங்கே வாசலில். மேலே ஏறி நின்று சூசைதாசன் பண்ணைக் கடலைக் காட்டி எந்தக் கப்பல் எங்கே நின்றது என்று தொடங்கினான். அப்போதுதான் இவள் நேரே தெல்லிப்பழைக்காரிக்கு முன்னால் போய் நின்று, எல்லாருக்கும் கேட்க, மாமி, பாத்தது காணுமோ, இன்னும் நடக்க வேணுமோ எண்டு கேட்டாள்.

மாமி என்றாள், மகனே. முறை சொல்லிக் கூப்பிட்டாள். உபாத்திமார் எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். தெரியாத ஆட்கள் என்று இவ்வளவு நேரம் மூடி வைத்திருந்ததை ஒரு சொல்லில் உடைத்துப்போட்டாள். பெண் பார்த்ததும், பிடிக்காமல் போனதும், கால் குட்டையும் இனி அந்த உபாத்திமார் போகிற ஊரெல்லாம் போகும். தெல்லிப்பழைக்காரி அசையவில்லை. இவளை மேலும் கீழும் பார்த்துவிட்டு, ஆர் இந்தப் பிள்ளை, எனக்குத் தெரியாதே எண்டு சொல்லி மகனைக் கூட்டிக்கொண்டு இறங்கிப் போய்விட்டாள். ஐயா கடலைப் பார்த்துக்கொண்டு இருமினார். அந்தச் சூசைதாசன் ஓடிப்போய் இவளுடைய செருப்பைக் கையில் தூக்கிக்கொண்டு வந்து படியடியில் குனிந்து வைத்தான், அதுவும் எல்லாரும் பார்க்க. அவன் இரக்கப்பட்டதுதான் எனக்குப் பெரிய அவமானமாய் இருந்தது. ரயிலில் இவளோடு நான் பேசவில்லை. வீட்டுக்கு வந்து தோய்ந்த பிறகுதான் பேசினேன், என்ன பேசினேன் என்பதை எழுத வேண்டாம் என்கிறாள், சரி விட்டுவிடுகிறேன்.

அடுத்த கிழமை கந்தப்பு வந்தார். இனி எங்கள் படலைக்கு வர மாட்டார் என்றுதான் நினைத்திருந்தேன். தெல்லிப்பழைக்காரி சொல்லியனுப்பியிருக்கிறாள். அவளுக்கு ஒரு தம்பி இருக்கிறான், குருநாகலில் சுருட்டுக் கடை, பெண்சாதி போன வருஷத்துக் காய்ச்சலில் செத்துப்போனாள், மூன்று பிள்ளைகள், வயது நாற்பத்தைந்துக்கு மேல். மகனுக்குச் சரிவராது, ஆனால் தம்பிக்குக் கேட்கலாம், கால் எப்படி இருந்தாலென்ன, சமைக்கிறது கையாலைதானே, வாயை மட்டும் கொஞ்சம் அடக்கி வையுங்கோ எண்டாளாம். கந்தப்பு அதைச் சொல்லும்போது அவருக்கே கூச்சமாய் இருந்தது. நான் அவருக்கு மோர் வார்த்துக் கொடுத்தேன். பிறகு சரி என்று சொல்லியனுப்பிவிட்டேன்.

உனக்குக் கோபம் வரும், எனக்குத் தெரியும். எனக்கு மட்டும் மானம் ரோசம் இல்லையா? அவள் வீட்டுப் பக்கம் தலை வைத்துப் படுக்கவும் எனக்கு மனமில்லை. ஆனால் கொத்தளத்தில் நடந்த கதை தெரிந்த பிறகு இனி யார் கேட்டு வருவார்கள் சொல்லு. நாளைக்கு உனக்கு ஒருத்தி வருவாள், அவள் நல்லவளாய் இருந்தாலும் நாத்தனார் ஒருத்தி குசினிக்குள் கெந்திக்கொண்டு திரிவதை எத்தனை நாளைக்குச் சகிப்பாள். என் கண் இப்போதே போய்விட்டது, நானும் போன பிறகு இவள் யாருடைய வீட்டு மூலையில் இருந்து யாருடைய சட்டி கழுவுவாள் என்று நீயே நினைத்துப் பார். அதை நினைத்துத்தான் அவளை அப்படி நடத்தினேன், அதை நினைத்துத்தான் இதற்கும் சம்மதித்தேன். சட்டி கழுவுவது என்று வந்தால் தாலியோடு கழுவட்டும். இரக்கம் இல்லாதவள் என்று என்னை நினைத்தாலும் நினைத்துக்கொள்.

இவள் நாலு நாளாய் ஓம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. ஐயா சொன்னால் கேட்கமாட்டாள், அவர் சொல்லவும் மாட்டார். நீ சொன்னால் கேட்பாள், சின்னதிலிருந்தே அப்படித்தான். ஆகவே நீ அண்ணன் என்ற முறையில் ஒரு கடிதம் எழுத வேண்டும். பிள்ளை, அம்மா சொல்கிறபடி செய், எனக்கும் சம்மதம் என்று இரண்டு வரி போதும். அவளுடைய சம்மதத்தையும் உனக்கு அவள் கையாலேயே அறிவிக்க வேண்டும் என்று இந்த இடத்தில் எனக்குச் சம்மதம் என்று எழுதடி என்றேன். எழுதிவிட்டேன் என்கிறாள். இரண்டு சொல் எழுத இவ்வளவு நேரமா என்று கேட்டேன், பேனை மை விடவில்லையாம்.

வேறு என்ன, கொதித்தாறின தண்ணீர்தான் குடிக்க வேண்டும், சனி தவறாமல் எண்ணெய் வைத்துத் தோய வேண்டும், அங்கே காசு வைத்துக் கடுதாசி விளையாடுகிறவரோடு சேராதே. இராவில் தலையணைக்குக் கீழ் திருநீறு வைத்துக்கொண்டு படு. ஐயா ஆசீர்வாதம் சொல்லச் சொல்கிறார், அவருக்கும் சேர்த்து நான் சொல்கிறேன், சந்நிதி முருகன் உன்னைக் கைவிடாமல் நீண்ட ஆயுளும் நல்ல உத்தியோகமும் தந்து காக்கட்டும். நான் கேட்ட இரண்டு வரியை மறந்துவிடாதே, புரட்டாதி முடியுமுன் முடிவு சொல்ல வேண்டும் என்று கந்தப்பு சொல்லியிருக்கிறார், பதிலை வருகிற கப்பலிலேயே போடு.

உன் சுகமே நினைவாய் இருக்கும்
அம்மா
செல்வநாயகி

அண்ணைக்கு, அம்மா மாட்டுக்குத் தண்ணீர் வைக்கப் போயிருக்கிறா. அவ சொன்னதில் ஒரு சொல்லும் நான் கூட்டவில்லை. எழுதாமல் விட்டது இரண்டு சொல்தான், எங்கே என்று உங்களுக்குத் தெரிந்திருக்கும். எழுதினாயா என்று கேட்டா, ஓம் என்றேன். நான் குருநாகலுக்குப் போக மாட்டேன். நீங்கள் என்ன எழுதினாலும் அதை அம்மாவுக்கு வாசித்துக் காட்டுகிறவள் நான்தான். அதை நினைத்துக்கொண்டு எழுதுங்கள்.

பாலேஸ்வரி